அப்பச்சி வழக்கு

முத்தரசு மகளுக்கு அரசாங்க வேலை கிடைத்த செய்தி, முத்தரசுக்குத் தெரிவதற்கு முன்பே எங்கள் தெருவுக்குத் தெரிந்துவிட்டது. சத்தியப்பிரியா செல்போனைப் பார்த்தபடி வாசற்படியில் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தாள். அழுகிற பெண்ணிடம் காரணம் கேட்காமல் தாண்டிப் போக நான் என்ன கல்லா? கேட்டேன். சொன்னாள். அப்புறம் நான் காய்கறி வாங்கப் போனேன். போகிற வழியில் எதிர்ப்பட்டவர்களுக்கெல்லாம் தெரிந்துபோனது. அதில் என் பங்கு அவ்வளவுதான்.

முத்தரசு காரைக்குடி டவுன் பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர். மனைவி போய்ச் சேர்ந்து வெகுகாலம். ஒரே மகள். சலூனில் முகத்தில் நுரையோடு உட்கார்ந்திருந்தவரை வாசலில் நின்றே கூப்பிட்டேன்.

"அண்ணே, உங்க மகளுக்கு வேலை கிடைச்சிருச்சு. இனிமே தாலுகா ஆபீஸுக்குள்ள நீங்க கை கட்டாமப் போகலாம்."

அவர் பாதி முகச் சவரத்தோடு எழுந்து வீட்டுக்கு ஓடினார். மீதிப் பாதியை மறுநாள்தான் முடித்துக்கொண்டார் என்று சலூன்காரர் இன்றைக்கும் சொல்வார்.

வேலை, இளநிலை உதவியாளர். தேர்வு நடத்தியது அரசு அலுவலர் தெரிவு வாரியம். பெயரில் தெரிவு இருக்கிறது, தெளிவு இல்லையே என்று அப்போது யாருக்கும் தோன்றவில்லை. இடம், எங்கள் தாலுகா ஆபீஸிலேயே. பணியில் சேர வேண்டிய நாளன்று முத்தரசு வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு மகளைக் கூட்டிக்கொண்டு போனார். தெருவில் பாதிப்பேர் பஸ் நிறுத்தம் வரை போனோம். மத்தியானத்துக்குள் இரண்டு பேரும் திரும்பி வந்துவிட்டார்கள். அரசாங்க வேலையில் வீட்டுக்குச் சீக்கிரம் வரலாம் என்று கேள்விப்பட்டிருந்தோம். ஆனாலும் முதல் நாளே இவ்வளவு சீக்கிரமா என்று வியப்பாகத்தான் இருந்தது.

அங்கே நடந்தது இது. தலைமை எழுத்தர் நல்ல மனிதர். தண்ணீர் கொடுத்து உட்கார வைத்துவிட்டுத்தான் சொன்னாராம்.

"தடையாணை வந்திருக்கும்மா. நாற்காலி இருக்கு. வேலையும் குவிஞ்சு கிடக்கு. நீங்களும் வந்திருக்கீக. ஆனா இந்த மூணும் ஒண்ணு சேரக் கூடாதுன்னு கோர்ட்டுல சொல்லிருக்காக."

முத்தரசுக்கு ஒன்றும் விளங்கவில்லை. "சார், ஆசையா வந்திருக்கோம். பிள்ளை ஒரு தடவை உக்காந்துட்டு எந்திரிச்சுக்கிறட்டுமா?"

"உக்காந்தா அது பணியேற்பு ஆயிரும். எந்திரிச்சா அது பணித்துறப்பு ஆயிரும். வேணாங்கய்யா. நின்னுக்கிட்டே பாத்துட்டுப் போயிருங்க."

நின்றுகொண்டே பார்த்துவிட்டு வந்தார்கள்.

தடைக்குக் காரணம் ஒரே ஒரு கேள்வி. தமிழ்த் தாளில் கேட்டிருந்தார்கள்: "அப்பச்சி என்னும் உறவுப்பெயர் யாரைக் குறிக்கும்?" விடைகள் ஐந்து. (அ) தந்தை. (ஆ) தாயின் தந்தை. (இ) கணவனின் தந்தை. (ஈ) மூத்த சகோதரன். (உ) விடை தெரியவில்லை. கடைசி விடை எல்லாக் கேள்விக்கும் உண்டு. தெரியாதவர்கள் தெரியாது என்று நேர்மையாகச் சொல்வதற்காக வாரியம் செய்துவைத்த ஏற்பாடு.

எங்கள் ஊரில் இதைக் கேள்வி என்றே சொல்ல முடியாது. செட்டியார் வீடுகளில் அப்பாவைத்தான் அப்பச்சி என்பார்கள். சத்தியப்பிரியா வீட்டுக்கு அடுத்த வீடு வள்ளியப்பன் வீடு. அவர் தம் அப்பச்சியை "அப்பச்சி, மருந்து குடிச்சீகளா" என்று தினமும் கேட்பது எங்கள் வீடு வரை கேட்கும். அவள் யோசிக்காமல் (அ) என்று எழுதினாள். வாரியத்தின் விடைக்குறிப்பும் (அ) என்றே சொன்னது. அந்த ஒரு மதிப்பெண்ணில்தான் அவள் பட்டியலுக்குள் வந்தாள்.

ஆனால் கொங்குப் பக்கத்தில் அப்பச்சி என்றால் அம்மாவைப் பெற்றவராம். அந்தப் பக்கத்துப் பிள்ளைகள் (ஆ) என்று எழுதி, ஒரு மதிப்பெண்ணில் வேலை தவறி, கோர்ட்டுக்குப் போய்விட்டார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியுமா? தாத்தாவைத் தாத்தா என்றுதானே எழுதினார்கள்.

முத்தரசு மகளைப் பிடித்துக்கொண்டார். "நம்ம வீட்டுல அப்பான்னுதானத்தா கூப்புடுவ? அப்புறம் எதுக்கு அடுத்த வீட்டு அப்பச்சிய எழுதுன?"

"கேள்வியில அதத்தானப்பா கேட்டிருந்தாக."

"கேட்டா? நமக்கு எதுக்கு வம்பு, தெரியாதுன்னு விட்டுட்டு வரவேண்டியதுதான?"

"தெரிஞ்சதத் தெரியாதுன்னு எப்புடிப்பா எழுதுறது?"

இத்தனை வருடம் ஸ்டியரிங் பிடித்த மனிதர், வளைவில் எதிரே என்ன வருகிறது என்று தெரியாத முகத்தோடு உட்கார்ந்திருந்தார்.

கொஞ்ச நாளில் கோர்ட்டிலிருந்து சத்தியப்பிரியா பேருக்கு நோட்டீஸ் வந்தது. வேலை கிடைத்த அத்தனை பேரையும் வழக்கில் சேர்த்திருந்தார்கள். ஆயிரத்துச் சொச்சம் எதிர்மனுதாரர்களில் இவள் ஒருத்தி. முத்தரசு அந்தக் காகிதத்தை என்னிடம் காட்டவில்லை. பால்காரர் மூலம்தான் தெரிந்துகொண்டேன். முத்தரசு நேரே வக்கீல் பாண்டிமுருகனிடம் போய் முன்ஜாமீன் கேட்டார்.

"அய்யா, இது கிரிமினல் கேஸ் இல்லை. யாரும் யாரையும் புடிக்க மாட்டாக."

"அப்ப எதுக்குத் தம்பி எம்மகள எதிரின்னு போட்டிருக்காக?"

"எதிரி இல்லைங்கய்யா. எதிர்மனுதாரர்."

"எதிர்ல நிக்கிறது எதிரிதான? எம்மக யாரு எதிர்லயும் நின்னதில்லை. எதிர்ல சைக்கிள் வந்தாலே ஒதுங்கிக்கிற பிள்ளை அது."

பாண்டிமுருகன் இளம் வக்கீல். பொறுமையாகச் சொன்னார்: யாரும் நேரில் வரவேண்டாம், எல்லாம் நாங்கள் பார்த்துக்கொள்வோம். முத்தரசு அதை நம்பவில்லை. கோர்ட்டில் பேர் கூப்பிடும்போது ஆள் இல்லையென்றால், ஓடிப்போய்விட்டாள் என்று எழுதிவிடுவார்கள் என்பது அவர் கணக்கு. மகளோ அதற்குள் ஒரு ஜெராக்ஸ் கடையில் வேலைக்குச் சேர்ந்திருந்தாள். அவளுக்கு லீவு கிடைக்காது. ஆகவே, ஒவ்வொரு வாய்தாவுக்கும் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு மதுரை ஐகோர்ட்டுக்கு இவர் போனார்.

முதல் தடவை போய்த் திரும்பியபோது தெருமுனை டீக்கடையில் எல்லோரும் சூழ்ந்துகொண்டோம்.

"கேஸ கூப்புட்டாக. நான் எந்திரிச்சு நின்னேன். ஒரு வக்கீல் ரெண்டு வாரம்னாரு. இன்னொருத்தர் ஆறு வாரம்னாரு. ஜட்ஜ் ஐயா நாலு வாரம்னு முடிச்சுட்டாக. உக்காந்துட்டேன்."

"அவ்வளவுதானாண்ணே?"

"அவ்வளவுதான்."

"ஏலம் மாதிரில்ல இருக்கு" என்றார் டீக்கடைக்காரர். "நீங்க என்ன விலை கேட்டீக?"

"நான் எங்க கேக்க? கும்பிட்டுட்டு வந்துட்டேன்."

அப்புறம் இதுவே வழக்கமாகிவிட்டது. வாய்தா நாளில் அவர் பஸ் ஏறுவார், எழுந்து நிற்பார், உட்கார்வார், திரும்பி வருவார். டீக்கடையில் அவருக்குப் பேரே மாறிப்போனது. "வாங்க அப்பச்சி, நாலு வாரமா, ஆறு வாரமா?" என்று கேட்பார்கள். முதலில் கோபப்பட்டார். பிறகு சிரித்தார். பிறகு அந்தப் பேருக்கே திரும்பிப் பார்க்கப் பழகிக்கொண்டார். தேவகோட்டையிலிருந்து சத்தியப்பிரியாவைப் பெண் கேட்டு வந்தவர்கள் தடை நீங்கினால் சொல்லி அனுப்புங்கள் என்று போனார்கள். தடை நீங்கவில்லை. பையனுக்குத்தான் வேறு இடத்தில் முடிந்தது. பத்திரிகை மட்டும் மறக்காமல் அனுப்பினார்கள்.

இதற்கிடையில் வாரியம் விடைக்குறிப்பைத் திருத்தியது. (அ) இல்லை, (ஆ) தான் சரி என்றது. உடனே எங்கள் பக்கத்துப் பிள்ளைகள் கோர்ட்டுக்குப் போனார்கள். வாரியம் மறுபடியும் திருத்தி, இரண்டும் சரி என்றது. இரண்டும் தப்பு என்று எழுதியவர்கள் கோர்ட்டுக்குப் போனார்கள். அவர்கள் யார், என்ன எழுதினார்கள் என்று இன்றுவரை எனக்குப் பிடிபடவில்லை. வாரியச் செயலாளர் தொலைக்காட்சியில் பேசினார். சத்தியப்பிரியா வீட்டில் உட்கார்ந்துதான் நானும் பார்த்தேன்.

"இந்த வாரியத்தில் தவறுக்கே இடமில்லை. ஒரே விடைக்குறிப்பைப் பல முறை திருத்தி வெளியிட்டிருக்கிறோம் என்பதே நாங்கள் எவ்வளவு கவனமாக இருக்கிறோம் என்பதற்குச் சான்று. கேள்வியைத் தயாரித்தவர் யார் என்று கேட்கிறார்கள். அது ரகசியம். எங்களுக்கே தெரியாத அளவுக்கு அதை ரகசியமாக வைத்திருக்கிறோம். தேர்வர்கள் பொறுமை காக்க வேண்டும். இளைஞர்களிடம் இல்லாத காலம் வேறு யாரிடம் இருக்கிறது?"

முத்தரசு தலையாட்டினார். "நல்லாத்தான் பேசுறாரு" என்றார். அவருக்கு நிஜமாகவே அப்படித்தான் பட்டது. பெரிய மனிதர்கள் பேசுவதெல்லாம் நல்ல பேச்சு என்று நம்புகிற கூட்டத்தில் அவர் கடைசி ஆள்.

சத்தியப்பிரியா மட்டும், "எனக்கு அடுத்த வருசத்தோட வயசு முடியுதுப்பா" என்றாள். வேறொரு தேர்வு எழுதலாம் என்றால், அதற்கான வயது வரம்பு அத்தோடு சரி. இந்த வேலை ஒன்றுதான் மிச்சம். அதைச் சொல்லிவிட்டுத் தொலைக்காட்சியை அணைத்தாள்.

கடைசியில் அப்பச்சி யார் என்று கண்டுபிடிக்க ஒரு வல்லுநர் குழு போடப்பட்டது. மூன்று பேர். தலைவர், ஓய்வு பெற்ற பேராசிரியர் முனைவர் கார்த்திகேய சிவம். இரண்டாமவர் புள்ளியியல் படித்தவர். மூன்றாமவர் பாலம் கட்டுகிற எஞ்சினீயர். எந்தக் குழுவிலும் ஒரு தொழில்நுட்ப உறுப்பினர் இருக்க வேண்டும் என்று விதி இருக்கிறதாம். அவர்கள் கள ஆய்வுக்குக் காரைக்குடி வந்தார்கள். விருந்தினர் விடுதியில் தங்கி, மதியம் கோழி, காடை, நண்டு என்று எங்கள் ஊரை முதலில் நாக்கால் ஆய்ந்தார்கள். சாயங்காலம் வள்ளியப்பன் வீட்டுக்கு வந்தார்கள். நான் அங்கே ஒரு கிண்ணம் புளி கடன் வாங்கப் போயிருந்தேன். வாங்க வேண்டிய அவசியம் அன்றைக்குத்தான் வந்தது.

முத்தரசும் ஓரமாக நின்றிருந்தார்.

"உங்களுக்கு அப்பச்சி உண்டா?" என்று தலைவர் ஆரம்பித்தார்.

"இருக்காக. உள்ளதான் படுத்திருக்காக" என்றார் வள்ளியப்பன்.

"அவர் உங்களுக்கு என்ன உறவு?"

வள்ளியப்பன் எங்களை ஒரு பார்வை பார்த்தார். "அப்பச்சி."

"அதைத்தான் கேட்கிறோம். அப்பச்சி என்றால் உங்களுக்கு யார்?"

"என்னையப் பெத்தவுக."

"அதாவது, தந்தை என்று கூறுகிறீர்கள். அதற்கு ஆதாரம்?"

"ஆதாரத்துக்கு எங்க ஆத்தாவத்தான் கேக்கணும். அவுக போய்ச் சேந்துட்டாக."

"முக்கியச் சாட்சி கிடைக்கவில்லை" என்று எஞ்சினீயர் எழுதிக்கொண்டார்.

பிறகு உள்ளே போய்க் கட்டிலில் படுத்திருந்த பெரியவரைச் சுற்றி நின்றார்கள். அவருக்குத் தொண்ணூறு தாண்டிவிட்டது. காது மட்டும் பாம்புக்காது.

"ஐயா, உங்களை அப்பச்சி என்று அழைப்பவர் யார்?"

"இவன்தான்" என்று மகனைக் காட்டினார்.

"உங்கள் மகளின் பிள்ளைகள் உங்களை எப்படி அழைப்பார்கள்?"

"ஐயான்னு. அவுகளும் எங்க கூப்புடுறாக? சிங்கப்பூர்ல இருக்காக."

"அப்படியானால் நீங்கள் இவருக்கு மட்டும்தான் அப்பச்சி. வேறு யாருக்கும் அப்பச்சி இல்லை. சரிதானே?"

"வேற யாருக்கு இருக்கச் சொல்றீக? ஊரு என்ன பேசும்?"

புள்ளியியல்காரர் குறுக்கிட்டார். ஒரே ஒரு அப்பச்சியை வைத்து எந்த முடிவுக்கும் வர முடியாது, அறிவியல்படி முப்பது அப்பச்சிகளாவது வேண்டும் என்றார். தெருவில் தேடினார்கள். பெரிய பெரிய வீடுகள் பூட்டிக் கிடந்தன. அப்பச்சிகள் சென்னையிலும் மலேசியாவிலும் பிள்ளைகளோடு இருந்தார்கள். காவலுக்கு இருந்தவர்கள் கதவைத் திறக்க மாட்டோம் என்றார்கள். ஏழு பேர்தான் தேறினார்கள். அதில் ஒருவருக்குப் பிள்ளையே இல்லை. அவரைப் பெரியப்பச்சி என்று தம்பி பிள்ளைகள் கூப்பிடுவதை எந்தக் கணக்கில் சேர்ப்பது என்று காப்பி ஆறும்வரை விவாதித்தார்கள்.

கிளம்பும்போது கட்டிலில் இருந்த பெரியவர் தலைவரைக் கை காட்டிக் கூப்பிட்டார்.

"நான் அப்பச்சியா இல்லையான்னு கேஸ் நடக்குதுங்கிறீக. அது முடியிற வரைக்கும் நான் சாகலாமா, கூடாதா?"

முனைவர் கார்த்திகேய சிவம் யோசித்துவிட்டுச் சொன்னார்: "அதற்குத் தடையாணை எதுவும் இல்லை, ஐயா."

முத்தரசு வாசல் வரை அவர்கள் பின்னாலேயே போனார். கார் கதவைத் திறந்துவிட்டார். அப்புறம் மெதுவாகக் கேட்டார்.

"ஐயா, எம்மக சரியாத்தான எழுதிருக்கா? நீங்களே இப்ப காதால கேட்டீகளே."

"கேட்டோம். ஆனால் கேட்டதை வைத்து முடிவு செய்தால் அது செவிவழிச் செய்தி ஆகிவிடும். நாங்கள் வல்லுநர்கள். எங்களுக்குத் தெரிந்ததை நாங்களே நம்பக் கூடாது" என்றார் தலைவர். கார் போய்விட்டது.

அறிக்கை வர வெகுநாள் ஆனது. அதற்குள் சத்தியப்பிரியாவின் வயது வரம்பு முடிந்துவிட்டது. அவள் வேலை பார்த்த ஜெராக்ஸ் கடைக்கே அந்த வழக்கின் காகிதங்களைப் பிரதி எடுக்க ஆட்கள் வருவார்கள். பக்கம் பக்கமாக அவளே எடுத்துக் கொடுப்பாள். ஒரு தடவை நான் போயிருந்தபோது, எதிர்மனுதாரர்கள் பெயர் உள்ள பக்கம் மிஷினில் சிக்கிக்கொண்டது. அவள் மெல்ல இழுத்து எடுத்து, சுருக்கம் நீக்கி, மறுபடியும் உள்ளே வைத்தாள். "கிழிஞ்சிருந்தா இன்னொரு வாய்தா ஆயிருக்கும் அத்தை" என்றாள். சிரித்தாளா என்று கவனித்தேன். சிரிக்கவில்லை.

அறிக்கையின் சாரம் இதுதான். அப்பச்சி என்பவர் சிலருக்குத் தந்தை. சிலருக்குத் தாயின் தந்தை. வேறு சிலருக்கு யார் என்று ஆய்வு செய்ய நிதி போதவில்லை. ஆகவே, அப்பச்சி யார் என்பதை அறுதியிட்டுச் சொல்ல இயலாது. அறுதியிட்டுச் சொல்ல இயலாத கேள்விக்குச் சரியான விடை (உ). விடை தெரியவில்லை.

வாரியம் அதை மகிழ்ச்சியோடு ஏற்றுக்கொண்டது. அப்பாவைத் தெரிந்து எழுதியவர்களுக்கும் தாத்தாவைத் தெரிந்து எழுதியவர்களுக்கும் மதிப்பெண் போயிற்று. தெரியாது என்று எழுதியவர்களுக்கு மதிப்பெண் வந்தது. செயலாளர் மறுபடியும் தொலைக்காட்சியில் வந்து, "அறியாமையை ஒப்புக்கொள்ளும் நேர்மையே அரசு ஊழியருக்கு முதல் தகுதி" என்றார். இதை நாங்கள் யாரும் சேர்ந்து உட்கார்ந்து பார்க்கவில்லை. அவரவர் வீட்டில் பார்த்துக்கொண்டோம்.

இனி கோர்ட்டு தீர்ப்புதான் பாக்கி. அந்த நாளன்றும் முத்தரசு போனார். நெஞ்சு படபடப்புக்கு அவர் மாத்திரை சாப்பிட ஆரம்பித்திருந்த சமயம். மகள் வேண்டாம் என்று எவ்வளவோ சொன்னாள்.

"இத்தனை நாளு போயிட்டு, முடியிற அன்னைக்குப் போகலைன்னா நல்லாருக்காதுத்தா. ஐயா கேட்டா என்ன சொல்லுவாக?"

எந்த ஐயாவும் அவரைக் கேட்டதில்லை. கடைசி வரிசையில் எழுந்து நின்று உட்கார்கிற கிழவரை அந்த இடத்தில் யார் பார்த்தார்கள் என்பதே சந்தேகம். ஆனால் போனார்.

அன்று சாயங்காலம் பஸ் காரைக்குடி புது ஸ்டாண்டுக்கு வந்து எல்லோரும் இறங்கிவிட்டார்கள். டிரைவர் சீட்டுக்குப் பின்னால், ஜன்னலோரம், ஒருவர் மட்டும் இறங்கவில்லை. கண்டக்டர் தூங்குகிறார் என்று நினைத்துத் தோளைத் தட்டினார். பிறகு இன்னொரு தடவை தட்டினார். முத்தரசின் முகம் தெரிந்த பழைய டிரைவர் ஒருவர் அங்கே இருந்தார். அவர்தான் வீட்டுக்குப் போன் செய்தார். எந்த இடத்தில் உயிர் போனது என்று யாருக்கும் தெரியாது. பக்கத்து சீட்டு கடைசிவரை காலியாக இருந்ததாம்.

வீட்டில் கிடத்தியிருந்தபோது பாண்டிமுருகன் வந்தார். அன்றைய தீர்ப்பை மெல்லச் சொன்னார். வாரியத்தின் விடை சரி என்று முடிந்துவிட்டது. புதுப் பட்டியலில் சத்தியப்பிரியா பேர் இல்லை.

"அப்பாவுக்குத் தெரியுமா?" என்று அவள் கேட்டாள்.

பாண்டிமுருகன் தலையைக் குனிந்துகொண்டார். "தீர்ப்ப இங்கிலீஷ்ல வாசிச்சாக. வெளியே வந்ததும் அய்யா என்கிட்ட, 'அடுத்த வாய்தா என்னைக்குத் தம்பி'ன்னு கேட்டாக. இனிமே வாய்தா இல்லைங்கய்யா, கேஸ் முடிஞ்சிருச்சுன்னேன். 'ரொம்ப சந்தோசம் தம்பி'ன்னு கையெடுத்துக் கும்பிட்டாக. எனக்கு அதுக்கு மேல சொல்ல வாய் வரலை. அடுத்த கேஸுக்கு வேற கூப்புட்டுட்டாக."

முத்தரசின் பையில் கால் கிலோ மைசூர்பாகு இருந்தது. தெரு இரண்டு கட்சியாகப் பிரிந்தது. ஜெயித்துவிட்டோம் என்று நினைத்துத்தான் வாங்கியிருக்கிறார், சந்தோஷத்தில் போன உயிர் என்றது ஒரு கட்சி. பஸ்ஸில் யாரோ தமிழில் விளக்கிச் சொல்லியிருப்பார்கள், அதில்தான் போயிருக்கிறார் என்றது இன்னொரு கட்சி. நான் எந்தப் பக்கம் என்று கேட்டார்கள். எல்லாவற்றுக்கும் ஒரு பக்கம் வைத்திருப்பவள் நான். அன்று வாயைத் திறக்க முடியவில்லை. சத்தியப்பிரியா அந்த மைசூர்பாகை என்ன செய்தாள் என்றும் எனக்குத் தெரியாது.

மாதங்கள் போயின. வீட்டு வரியை அவள் பேருக்கு மாற்ற வாரிசுச் சான்றிதழ் கேட்டார்கள். விண்ணப்பித்தாள். விசாரணைக்குத் தாலுகா ஆபீஸுக்கு வரச் சொல்லியிருந்தார்கள். துணைக்கு நானும் போனேன். நானேதான் வருகிறேன் என்று சொன்னேன்.

அன்றைக்கு அப்பாவும் மகளும் நின்றுகொண்டே பார்த்துவிட்டு வந்த மேஜைக்குப் பின்னால் ஒரு புதுப் பெண் உட்கார்ந்திருந்தாள். மேஜையில் கீர்த்தி என்று பேர்ப்பலகை. இருபத்தைந்து வயது இருக்கும். பேச்சில் கோயம்புத்தூர்ப் பக்கத்து இழுவை.

"இறந்தவரு பேருங்க?"

"முத்தரசு."

"உங்க பேரு?"

"சத்தியப்பிரியா."

எழுதிக்கொண்டிருந்த கை நின்றது. அவள் நிமிர்ந்து பார்த்தாள். அந்தத் தேர்வின் தரப்பட்டியலில் இருந்த பிள்ளைகளுக்குள் ஒரு வழக்கம் உண்டு. தனக்கு மேலும் கீழும் உள்ள பேர்களையெல்லாம் பாடம் பண்ணி வைத்திருப்பார்கள். முகம்தான் தெரியாது.

"அக்கா, பழைய லிஸ்ட்டுல இருந்தது நீங்கதானுங்களா?"

"ம்."

கீர்த்தி குரலைத் தணித்துக்கொண்டாள்.

"எனக்குத் தெரியாம இல்லைங்க்கா. எங்கூர்ல அம்மாவோட அப்பாவத்தான் அப்பச்சிம்போம். என்ற அப்பச்சி தோள்லயேதான் நான் வளந்தேன். ஆனா உங்க பக்கம் வேற மாதிரின்னு படிச்சிருந்தனுங்க. எதப் போட்டாலும் வம்புன்னு பயந்துபோயி, தெரியலைன்னு போட்டுட்டனுங்க. அதுக்கு வேலை குடுப்பாங்கன்னு நான் கனாவுலயும் நினைக்கலை."

"விடும்மா. நீ என்ன செய்வ" என்றாள் சத்தியப்பிரியா.

கீர்த்தி மேஜை இழுப்பறையைத் திறந்து ஒரு காகிதத்தை எடுத்து, யாரும் பார்க்காதபடி நகர்த்தினாள். நான் பார்த்துவிட்டேன். தீர்ப்பை எதிர்த்து எங்கள் பக்கத்தாரும் கொங்குப் பக்கத்தாரும் மேல்முறையீடு செய்திருந்தார்கள். புதிதாக வேலை பெற்ற எல்லோரும் எதிர்மனுதாரர்கள். கீர்த்தியின் பேருக்கு முன்னால் ஒரு நீளமான எண்.

"இதுக்கு நேர்ல போகோணுங்களா? எனக்கு இங்க யாரையும் தெரியாதுங்க்கா."

"போகணும்னு கட்டாயம் இல்லை. வக்கீல் பாத்துக்கிருவாக."

"நானும் அதத்தான் சொன்னனுங்க. அப்பா கேக்க மாட்டேங்குறாரு. என்கூடத்தான் ரூம்ல இருக்காரு. பேரு கூப்புடறப்ப ஆளு இருக்கோணும், நான் போயி உக்காந்துட்டு வந்தர்றேன்னு ஒத்தக் கால்ல நிக்கறாருங்க."

சத்தியப்பிரியா கையெழுத்துப் போட வேண்டிய இடத்தில் பேனாவை வைத்தாள். போடவில்லை.

"அவுகள அனுப்பாத" என்றாள். "நீயே லீவு போட்டுட்டுப் போ."

"லீவு கிடையாதுங்க்கா. கேஸ் முடியற வரைக்கும் எங்க வேலையே தீர்ப்புக்குக் கட்டுப்பட்டதுன்னு ஆர்டர்ல இருக்குங்க. வேலை நிச்சயமில்லாதவங்களுக்கு லீவு மட்டும் எப்படி நிச்சயமாத் தர்றதுன்னு கேக்கறாங்க."

சத்தியப்பிரியா கையெழுத்தைப் போட்டு முடித்தாள். காகிதத்தைத் திருப்பிக் கொடுத்தாள். பிறகு, பஸ்ஸுக்கு வழி கேட்டவருக்குச் சொல்வது போல, அவசரமில்லாமல் சொன்னாள்.

"மேலூர் வழியாப் போற பஸ்ஸாப் பாத்து ஏறச் சொல்லு. மதுரை ஸ்டாண்டு வரைக்கும் போக வேணாம். கோர்ட்டு ஸ்டாப்பிலயே இறங்கிக்கிறலாம். வாசல்ல சோதனை பண்ணுவாக, ஆதார் கார்டு குடுத்து அனுப்பு. உள்ள மத்தியானத்துக்கு மேல சாப்பாடு கிடைக்காது. கையில ரெண்டு இட்லி வச்சு விடு. மாத்திரை சாப்புடுறவுகளா?"

"ஆமாங்க்கா. பிரஷருக்கு."

"அத சட்டப் பையில வைக்கச் சொல்லு. கைப்பையில வேணாம். திரும்புறப்போ..." கீர்த்தி எழுதிக்கொண்டே நிமிர்ந்தாள்.

"திரும்புறப்போ ஜன்னல் சீட்டுக்கு ஆசைப்பட வேணாம்னு சொல்லு. பக்கத்துல ஆளு இருக்கிற சீட்டாப் பாத்து உக்காரச் சொல்லு."